பிரிஞ்சாங் மலையில் ஒரு பழைய வானொலி

கேமரன் மலைக்குப் போகிறவர்களில் பலர் ஸ்ட்ராபெரித் தோட்டம், தேநீர், இரவுச் சந்தை என்று முடித்துக்கொண்டு திரும்பிவிடுவார்கள். சுங்கை பாலாஸ் தேயிலைச் சரிவுகளைத் தாண்டிக் குறுகிய பாதையில் ஏறினால் பிரிஞ்சாங் மலை. உயரம் 2,000 மீட்டருக்குச் சற்று மேல். பாசி படர்ந்த காடு, முகத்தில் உரசும் மேகம், உச்சியில் தொலைத்தொடர்புக் கோபுரங்கள். பகாங்கும் பேராக்கும் சந்திக்கும் எல்லை இது.

அமெச்சூர் வானொலிக்காரர்களுக்கு உயரம் என்றால் ஆசை. 2 மீட்டர் அலைவரிசை பெரும்பாலும் நேர்கோட்டில்தான் போகும். நடுவில் மலை நின்றால் பேச்சு நின்றுவிடும்.

நான் கொண்டுபோனது யாயேசு விஎக்ஸ்-7ஆர். 2002-இல் வந்த ஜப்பானியக் கைக்கருவி; தயாரிப்பு நின்றுவிட்டது. மக்னீசிய உறை, 5 வாட் ஆற்றல். ஒரு மீட்டர் ஆழத் தண்ணீரில் அரை மணி நேரம் கிடந்தாலும் தாங்கும் என்று விற்கப்பட்டது. ஈப்போவில் ஓர் ஓய்வுபெற்ற ஆர்வலரிடம் வாங்கினேன்.

பழையதை வாங்குவோர் முதலில் ரப்பர் மூடிகளையும் பேட்டரி ஓரத்து ரப்பரையும் பார்க்க வேண்டும். அவை காய்ந்து வெடித்திருந்தால் தண்ணீர் தாங்கும் என்ற பேச்சுக்கே இடமில்லை. அடுத்து லித்தியம் பேட்டரி: உப்பியிருந்தால் தொடவே வேண்டாம். சாதாரண ஏஏ பேட்டரி போடும் பெட்டி கிடைத்தால் வாங்கி வையுங்கள். ஆற்றல் மிகக் குறைந்தாலும் அவசரத்துக்கு உதவும். கருவி இருந்தால் மட்டும் போதாது. பேசுவதற்குத் தேர்வில் தேறி எம்சிஎம்சி உரிமமும் பெற வேண்டும்.

உச்சியில் பெரிதாக எதுவும் கேட்கவில்லை. அருகிலுள்ள கோபுரங்களின் பலத்த அலைகள் சிறு கருவியின் காதை அடைத்துவிடுகின்றன. பேராக் பக்கம் திறந்த ஒரு வளைவுக்கு இறங்கி வந்ததும் இரைச்சல் அடங்கியது. தூறலில் கருவி நனைய நனைய அழைத்தேன். ஏறக்குறைய 70 கிலோமீட்டர் தள்ளி, தெலுக் இந்தானிலிருந்து தெளிவாகப் பதில் வந்தது.

மழைக்கு ஒதுங்கி நின்ற தோட்டத்துப் பெரியவர் கேட்டார்: “என்ன தம்பி, கைப்பேசியில லைன் இல்லையா?”

“இருக்குங்க ஐயா. லைன் இல்லாத அன்னைக்கு இது வேணுமே.”

அவர் தலையாட்டினார். “பெர்தாம்ல வெள்ளம் வந்தப்போ, அங்க இருந்த மகளுக்கு என்னாச்சுன்னு விடியிற வரைக்கும் தெரியல.”

2013 அக்டோபர் வெள்ளத்தைத்தான் சொன்னார். மண்சரிவும் வெள்ளமும் இந்த மலைக்குப் புதிதல்ல. நீங்கள் ஏறினால் காலையிலேயே ஏறுங்கள். பகல் ஏறினால் மூடுபனி பாதையை மறைத்துவிடும்.