கூடாரத்தின் நூல்

ஒருநாள் வகுப்பில் இளவரசர் அஹ்மதின் கதையைச் சொன்னோம். ஹலபு நகரத்து ஹன்னா தியாப், 1709-இல் பாரிஸில் பிரெஞ்சு அறிஞர் கலானிடம் சொல்ல, ஆயிரத்தோர் இரவுகளில் இடம்பெற்ற கதை அது. பரீபானு என்னும் தேவதை தரும் கூடாரம் கைக்குள் அடங்கும். விரித்தால் ஒரு படைக்கே நிழலாகும்.

"அது என்ன நூல், ஹஜரத்?" என்றான் நெசவாளி மகன் ஒருவன். "கதைதானே, உட்கார்" என்று அடக்கிவிட்டோம்.

பின்னாளில் நைலான் வரலாற்றைப் படித்து நாணினோம். 1935-இல் கரோதர்ஸ் குழுவினர் ஆய்வுக்கூடத்தில் ஆக்கிய இழை அது. 1938-இல் உலகுக்கு அறிவிக்கப்பட்டபோது அவர் உயிருடன் இல்லை. இரண்டாம் உலகப் போரில் முதுகுப் பைக்குள் மடிந்து கிடந்து, வானில் விரிந்து உயிர்காத்த குடைகள் பல அவ்விழையால் ஆனவை.

அற்புதத்துக்கும் நூல் கேட்டானே, அவன் கேட்டதே அறிவின் கேள்வி. அதனை அடக்கிய குற்றம் எம்முடையது. இப்போதெல்லாம், பிள்ளைகள் குறுக்கிட்டால் கதையை நிறுத்திவிடுகிறோம்.