ஒரு கேணலின் வழக்கு

கொழும்புச் செல்வக் குடும்பத்திற் பிறந்து, ஒக்ஸ்போர்டிற் கற்று, சட்டத் தொழில் புரிந்துகொண்டே தொண்டர் பீரங்கிப் படையிற் பதவி வகித்த கேணல் எவ். சி. டி சேரம் பற்றிக் குச்சவெளியிலிருந்து நாம் எழுதுவானேன் என்று தோழர்கள் வினவலாம். புல்மோட்டை வீதிவழியே, பிடிபட்ட மகனைத் தேடி முகாம் முகாமாக நடந்த தாய்மாரை நாம் அறிவோம். அவர்களை எண்ணும்போதெல்லாம் இந்தக் கேணலின் வழக்கும் நினைவுக்கு வருகிறது.

அவர் பெரிய ஆட்டக்காரர். 1934இல் ஒக்ஸ்போர்ட் பல்கலைக்கழக அணிக்காக ஆடிய முதல் ஆட்டத்திலேயே குளொஸ்டஷயருக்கெதிராக 176 ஓட்டங்கள். அதே ஆண்டில் ஆஸ்திரேலியருக்கெதிராக 128. ஆண்டவர்களின் ஆட்டத்தை அவர்கள் மண்ணிலேயே அடிமை நாட்டு இளைஞன் ஒருவன் ஆடிக் காட்டியதை எண்ண எமக்கும் மகிழ்ச்சிதான். பின்னர் இலங்கை அணிக்கும் தலைமை தாங்கினார். (எமது கடற்கரைப் பிள்ளைகளின் துடுப்பு அன்றும் தென்னைமட்டைதான்.)

1962 ஜனவரி 27ஆம் நாள் இரவு, சிறிமாவோ பண்டாரநாயக்காவின் அரசைக் கவிழ்க்கப் படை அதிகாரிகளும் பொலிஸ் அதிகாரிகளும் தீட்டிய சதி நிறைவேறுமுன் அம்பலமாயிற்று. அதன் தலைவர்களுள் ஒருவர் டி சேரம். 1961இல் சத்தியாக்கிரகம் செய்த தமிழர்மீது படையை ஏவிய அரசுதான் அது. ஆயினும் ஏழையின் கையிலிருப்பது வாக்குச்சீட்டு ஒன்றே. அதைத் துப்பாக்கியாற் பறிக்க முனைந்தவர் எத்தனை ஓட்டம் குவித்திருந்தாலும் எமது அனுதாபத்துக்குரியவரல்லர்.

அரசோ அவர்களைத் தண்டிக்கவென்றே தனிச்சட்டம் இயற்றியது. நடந்து முடிந்த செயலுக்குப் பின்னோக்கிப் பாய்ந்த சட்டம் அது. சாட்சிய விதிகள் தளர்த்தப்பட்டன. ஆகக் குறைந்த தண்டனை 10 ஆண்டுச் சிறையும் சொத்துப் பறிமுதலும். வழக்குத் தொடரப்பட்ட 24 பேருள் 11 பேர் 1965 ஏப்ரலிற் குற்றவாளிகளாயினர். டி சேரமும் ஒருவர். டிசெம்பரில் இலண்டன் கோமறைக் கழகம் அவர்களை விடுவித்தது. குறித்த சிலரைத் தண்டிக்கும் நோக்குடன் பாராளுமன்றம் சட்டம் செய்வது நீதிமன்றத்தின் அதிகாரத்தைக் கவர்வதாகும் என்றது. தீர்ப்புச் சரியானதே, பயனடைந்தவர் யாரென்பது வேறு பேச்சு.

எம்மை உறுத்துவது அதன் பின்கதை. கோமறைக் கழகத்துக்கான மேன்முறையீட்டை 1971ஆம் ஆண்டின் சட்டமொன்று ஒழித்தது. அவ்வாண்டு கிளர்ந்தெழுந்த சிங்களக் கிராமத்து இளைஞரை விசாரிக்க 1972இற் குற்றவியல் நீதி ஆணைக்குழுச் சட்டம் வந்தது. சாட்சிய விதிகள் மீண்டும் தளர்ந்தன. 1979இற் பயங்கரவாதத் தடைச் சட்டம்: 2022இல் திருத்தப்படும்வரை 18 மாதங்கள் வழக்கின்றித் தடுத்துவைக்க முடிந்தது, பொலிஸ் உயரதிகாரி பெற்ற வாக்குமூலமே சாட்சியமாகலாம். தற்காலிகமெனப் பிறந்த அது 1982இல் நிரந்தரமாக்கப்பட்டது. கேணலுக்குத் திறந்த கதவு தென்னிலங்கை உழவன் மகனுக்கும் திறக்கவில்லை, எமது மீனவன் மகனுக்கும் திறக்கவில்லை.

டி சேரம் 1983 ஏப்ரலிற் காலமானார். அவ்வாண்டு ஜூலை 25ஆம், 27ஆம் நாட்களில் வெலிக்கடைச் சிறையினுள் 53 தமிழ்க் கைதிகள் கொல்லப்பட்டனர். அவர்களுட் பலர் பயங்கரவாதத் தடைச் சட்டத்தின்கீழ்ப் பிடிக்கப்பட்டவர்கள்.