இல்லாத அசனும் என் உம்மும்மாவும்

என் உம்மும்மா ஐந்தாம் வகுப்போடு நிறுத்தப்பட்டவர். இப்போது கண் பார்வையும் குறைவு. அதனால் அஸருக்குப் பின் நான் அவருக்கு 'அசன்பே சரித்திரம்' வாசித்தேன். கண்டியில் பிறந்த அறிஞர் சித்திலெவ்வை 1885இல் வெளியிட்ட அந்த நூலே இலங்கையின் முதல் தமிழ் நாவல் என்பர்.

எகிப்தில் பிறந்து, குழந்தையிலேயே களவாடப்பட்ட அசன் கற்பனைப் பாத்திரம்தான். ஆனாலும் அவன் பெற்றோரிடம் சேர்ந்தபோது உம்மும்மா அழுதார்.

"இத எழுதினவர் எங்கட கண்டியா?"

"ஓம் உம்மும்மா. கண்டியில பெண் பிள்ளைகளுக்கும் பாடசாலை தொடங்கினவர்."

சற்று நேரம் பேசாதிருந்தார்.

"அது அக்குறணைக்கு வர சுணங்கிப்போச்சு, மகள்."

போன மாதம் எனக்கொரு சம்பந்தம் வந்தது. "உயர்தரச் சோதனை முடியட்டும்" என்று வாப்பாவிடம் முதலில் சொன்னவர் உம்மும்மாதான்.