நெருப்பைக் கத்துக்கிற அவசரம்

'அவதார்: தி லாஸ்ட் ஏர்பெண்டர்' முதல் சீசன் (2005, 20 எபிசோடு) பாக்கலைன்னா, குழந்தைங்க கார்ட்டூன்னு தள்ளிடாதீங்க மக்களே.

நீர், நிலம், நெருப்பு, காற்றுன்னு நாலு நாடு. நூறு வருஷப் போர். மூணாவது எபிசோடில் 12 வயசு ஆங் தான் வளர்ந்த கோயிலுக்குத் திரும்பறான். குருவோட எலும்புக்கூடு கிடக்கு, சுத்தி எதிரிகளோட தலைக்கவசங்கள். போர் என்னன்னு நமக்கும் அங்கதான் உறைக்குது.

ஆனா டாக்டரா எனக்குப் பிடிச்சது 16வது எபிசோடு. மூச்சைப் பழகுன்னு சொல்றார் குரு ஜியாங் ஜியாங். பையனுக்குப் பொறுமையில்ல, வித்தை காட்டப் போய் கட்டாராவோட கையைச் சுட்டுடறான். அவ அழுதுகிட்டே கையை ஆத்துல வைக்கிறா, புண் ஆறிடுது. தனக்குக் குணப்படுத்தற சக்தி இருக்குன்னு அவளுக்கே அப்பதான் தெரியுது. அவனோ இனி நெருப்பே வேணாங்கிறான். ஒரே தீக்காயம், ரெண்டு பேரையும் மாத்திடுது.

சமயபுரத்துல தீச்சட்டி எடுக்கறவங்களைப் பாத்த நமக்கு, விரதமில்லாம நெருப்பைத் தொடாதேங்கிற விதி புதுசில்ல.

கட்டாரா கையைத் தண்ணியில வச்சது மருத்துவப்படியும் சரி. நம்ம வீட்ல மாயம் நடக்காது, அதனால 20 நிமிஷம் ஓடற குழாய்த் தண்ணி. பேஸ்ட், இங்க், மாவு, ஐஸ் எதுவும் வேணாம். வீங்கறதுக்கு முன்னாடி மோதிரம், வளையலைக் கழட்டுங்க. கொப்புளத்தை உடைக்காதீங்க. முகம், கை, இல்ல சின்னக் குழந்தைன்னா உடனே ஆஸ்பத்திரி.

13வது எபிசோடில் காய்ச்சலுக்கு உறைஞ்ச தவளையைச் சப்பச் சொல்வாங்க. அதை மட்டும் முயற்சி பண்ணாதீங்க, ப்ளீஸ்.