மஞ்சப்பையின் அடியில் கிடந்த தாள்

கருணை அடிப்படையிலான அரசு வேலை வழக்குக்காக வரும் கட்சிக்காரரிடம் நான் முதலில் கேட்பது தேதிகளைத்தான். ஊழியர் எப்போது இறந்தார், எப்போது விண்ணப்பித்தீர்கள், பதில் எப்போது வந்தது? அவற்றை ஒரு தாளில் வரிசையாக எழுதி முடிக்கும்போதே வழக்கு நிற்குமா, விழுமா என்பது பாதி தெரிந்துவிடும்.

ஒருமுறை ஒரு தாயும் மகனும் மஞ்சப்பையோடு வந்தார்கள். அப்பா அரசு ஊழியர். பணியில் இருந்தபோதே இறந்துவிட்டார். மகனுக்குக் கருணை அடிப்படையில் வேலை கேட்டு, திங்கட்கிழமை குறைதீர் கூட்டம், முதலமைச்சரின் தனிப்பிரிவு, துறை இயக்குநர் என்று ஒன்பது வருடமாக அலைந்திருக்கிறார்கள். "விடாம மனு போட்டுக்கிட்டேதான் இருக்கோம் ஐயா" என்றார் அந்த அம்மா. தபால் ஒப்புகை அட்டைகளை மேசையில் அடுக்கினேன். பதினான்கு இருந்தன. பையின் அடியில் நான்காக மடித்த ஒரு தாள், மடிப்பில் எழுத்து அழிந்து கிடந்தது. இரண்டாம் வருடமே வந்த நிராகரிப்பு ஆணை! மறுபடி மனு போட்டால் மனம் இரங்குவார்கள் என்று யாரோ சொல்ல, அதை உள்ளே வைத்துவிட்டார்கள். அந்த ஆணையை எதிர்த்து அன்றே உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட்டிருக்க வேண்டும்.

அரசியலமைப்பின் 226-ஆவது உறுப்பு ரிட் மனுவுக்குக் கெடு எதுவும் வைக்கவில்லை. அதை நம்பிப் பலர் இருந்துவிடுகிறார்கள். ஆனால் தக்க காரணமில்லாத தாமதத்தை நீதிமன்றம் ஏற்பதில்லை. மனு மேல் மனு கொடுப்பதால் காலாவதியான கோரிக்கைக்கு உயிர் வந்துவிடாது என்று 2008-இல் சி. ஜேக்கப் வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது. "பரிசீலியுங்கள்" என்று ஓர் உத்தரவு வாங்கி வந்தாலும் பழைய காலக்கணக்கு மாறாது. கருணை வேலையில் இது இன்னும் கடுமை. சம்பாதித்தவரை இழந்த குடும்பத்தை உடனடி நெருக்கடியிலிருந்து மீட்கவே அந்த வேலை என்கிறது 1994-இன் உமேஷ் குமார் நாக்பால் தீர்ப்பு. வருடங்கள் ஓடிவிட்டால், "இத்தனை நாள் சமாளித்துவிட்டீர்களே" என்ற வாதம் எதிரே வந்து நிற்கும்.

அந்தத் தாயும் மகனும் கொண்டுவந்த வழக்கில் தோற்றோம். நிராகரிப்பு ஆணை கைக்கு வந்த மூன்றாம் மாதமே என்னிடம் வந்த இன்னோர் இளைஞரின் வழக்கில் அது ரத்தானது. மறுபரிசீலனைக்குக் கெடுவும் விதிக்கப்பட்டது. அப்படிக் கிடைத்த உத்தரவை அலுவலகம் கிடப்பில் போட்டால், நீதிமன்ற அவமதிப்பு மனுவை ஓராண்டுக்குள் போட்டாக வேண்டும். அங்கேயும் காலம் காத்திருக்காது.

தமிழ்நாட்டில் கருணை வேலைக்கு, ஊழியர் இறந்த நாளிலிருந்து மூன்று ஆண்டுக்குள் விண்ணப்பியுங்கள். மறுப்புக் கடிதம் வந்தால் அடுத்த மனு எழுதாதீர்கள். அந்த வாரமே ஒரு வக்கீலிடம் காட்டுங்கள். பணமில்லை என்று தயங்க வேண்டாம். சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் இலவச வக்கீல் உண்டு. பெண்களுக்கு அதில் வருமான வரம்பே கிடையாது.