இடப்பக்கம் = வலப்பக்கம்?

பத்தாம் வகுப்பு மாதத் தேர்வில் அவனுக்கு வந்த கணக்கு இதுதான். (1 + சைன்) / காஸ் = காஸ் / (1 − சைன்) என்று நிரூபிக்க வேண்டும். (கோணத்தை ஒவ்வொரு தடவையும் எழுதினால் கண் வலிக்கும், அதனால் இங்கே விட்டாச்சு.) 5 மார்க்.

அவன் குறுக்கே பெருக்கினான். (1 + சைன்)(1 − சைன்) = காஸ்². அதாவது 1 − சைன்² = காஸ்². அதாவது காஸ்² = காஸ்². "எனவே நிரூபிக்கப்பட்டது" என்று எழுதி ஸ்கேல் வைத்து இரண்டு கோடும் போட்டான். பேப்பர் திரும்பி வந்தபோது சிவப்பு மையில் 1 மார்க்.

"சார், ஆன்சர் சரியாத்தானே வந்திருக்கு?"

"நிரூபிக்கச் சொன்னதையே உண்மைன்னு வச்சுக்கிட்டு ஆரம்பிச்சா எப்படிடா? இங்க பாரு." சார் போர்டில் −1 = 1 என்று எழுதினார். இரண்டு பக்கமும் வர்க்கப்படுத்தினார். 1 = 1. "இதையும் நிரூபிச்சாச்சா?"

வகுப்பே சிரித்தது. அவனுக்கு மட்டும் சிரிப்பு வரவில்லை.

உண்மையில் அவன் மேல் பெரிய தப்பு இல்லை. பெருக்கின வழியிலேயே திரும்பி வரலாம். 1 − சைன்² = காஸ்² என்பதில் தொடங்கி, காஸும் (1 − சைன்)-உம் பூஜ்யம் இல்லாதவரை இரண்டாலும் வகுத்தால் கேட்டது கிடைத்துவிடும். வர்க்கப்படுத்தினதில் அப்படித் திரும்ப முடியாது, ப்ளஸ் மைனஸ் வித்தியாசம் அங்கேயே அழிந்துவிடுகிறது. 3 மார்க்காவது போட்டிருக்கலாம்!

சார் எதிர்பார்த்தது இது. இடப்பக்கத்தை மட்டும் எடுத்துக்கொள். மேலும் கீழும் (1 − சைன்) ஆல் பெருக்கு. மேலே 1 − சைன்², அதாவது காஸ்². கீழே காஸ் (1 − சைன்). ஒரு காஸ் அடிபட்டால் மிச்சம் காஸ் / (1 − சைன்). அதுதான் வலப்பக்கம். வலப்பக்கத்தைத் தொடவே இல்லை. எதனால் பெருக்குவது என்று தெரிவதில்தான் மொத்தக் கஷ்டமும். வலப்பக்கத்தின் கீழே 1 − சைன் இருக்கிறதே, அதுதான் துப்பு.

பக்கத்து பெஞ்ச் நண்பன் இன்னும் சுலபமான வழி வைத்திருந்தான். 30 டிகிரி போட்டுப் பார்த்தான், இரண்டு பக்கமும் ரூட் 3. முடிந்தது! ஆனால் சைன் + காஸ் = 1 என்பதில் 0 டிகிரி போட்டாலும் சரியாக வரும், 90 போட்டாலும் வரும். 30 போட்டால் 1.366. ஒரு கோணம் போதும், ஒன்றைப் பொய் என்று காட்ட. உண்மை என்று காட்ட ஆயிரம் கோணம் போட்டாலும் போதாது.

அடுத்த வருஷம், பதினொன்றில், 90-க்கு மேற்பட்ட கோணங்கள் வந்தபோது அவன் அந்தப் பழைய கணக்கில் 270 டிகிரி போட்டுப் பார்த்தான். சைன் −1, காஸ் 0. இடப்பக்கம் 0 / 0, அர்த்தமே இல்லை. வலப்பக்கம் 0 / 2, அதாவது 0. நோட்டை எடுத்துக்கொண்டு நேராக அதே சாரிடம் போனான்.

சார் கொஞ்ச நேரம் பார்த்தார். "ரெண்டு பக்கத்துக்கும் மதிப்பு இருக்குற கோணத்துக்கு மட்டும்தான்னு ஒரு வரி சேர்த்து எழுதிக்கோ" என்றார். அப்புறம், "நானும் அன்னைக்கு போர்டுல அதை எழுதியிருக்கணும்."

மார்க்கைப் பற்றி இரண்டு பேருமே பேசவில்லை.