தங்கைக்கு, சகுரா ஆண்டோ பற்றி

அன்புள்ள பாப்பா,

பெரிய படத்தில் தோழி வேஷமா, சின்னப் படத்தில் நாயகி வேஷமா என்று கேட்டிருந்தாய். படித்ததுமே எனக்கு ஜப்பானிய நடிகை சகுரா ஆண்டோ ஞாபகம்தான் வந்தது.

சினிமாக் குடும்பம். அப்பா எய்ஜி ஒகுடா நடிகர், இயக்குநர். 2007இல் அவர் படத்தில்தான் அறிமுகம். ஆனால் பேர் வாங்கிக் கொடுத்தவை குறைந்த செலவில் எடுத்த படங்கள். 2014இல் அக்கா மொமொகோ இயக்கிய ‘0.5 மி.மீ.’ வந்தது. முதியவர்களைப் பார்த்துக்கொள்ளும் பெண்ணாக மூன்று மணி நேரத்துக்கு மேல் அந்தப் படத்தைத் தாங்குகிறார். அதே வருஷம்தான் ‘100 யென் லவ்’.

நீ முதலில் பார்க்க வேண்டியது அதைத்தான். இச்சிகோவுக்கு 32 வயது. வேலை வெட்டி இல்லாமல் பெற்றோர் வீட்டில் தங்கை மகனோடு வீடியோ கேம் ஆடிக்கொண்டிருப்பவள். தங்கையோடு கட்டிப்புரண்டு சண்டை போட்டுவிட்டு வெளியேறி, ஒரு மலிவு விலைக் கடையில் ராத்திரி ஷிஃப்டுக்குப் போகிறாள். பிறகு குத்துச்சண்டை. தொடக்கத்தில் தொப்பை தளர, முதுகு கூன, காலை இழுத்து இழுத்து நடந்தவள் ஸ்கிப்பிங் கயிற்றோடு துள்ளும்போது ஆளே வேறு. கடைசிப் போட்டியில் தோற்றுப்போகிறாள். அந்த அழுகையில் துளி அழகுணர்ச்சி கிடையாது. மூக்கு ஒழுகும், முகம் வீங்கியிருக்கும். எனக்கு அதனாலேயே பிடித்தது. ஆடிஷனுக்குப் போய் வாங்கிய வேஷம் அது!

‘ஷாப்லிஃப்டர்ஸ்’ அடுத்தது. அதில் வரும் போலீஸ் விசாரணைக் காட்சியில் என்ன கேட்கப்போகிறார்கள் என்று இயக்குநர் கொரேடா அவருக்கு முன்கூட்டிச் சொல்லவில்லை. பிள்ளைகள் உன்னை என்னவென்று கூப்பிட்டார்கள் என்று கேள்வி வருகிறது. பதில் இல்லை. உள்ளங்கையால் கண்ணைத் துடைத்து, முடியை மேலே தள்ளி, மறுபடி துடைக்கிறார். கேமரா நகரவே இல்லை. 2018இல் கான் விழாவில் அந்தப் படம் தங்கப்பனை வென்றபோது, நடுவர் குழுத் தலைவி கேட் பிளாஞ்செட் இந்த அழுகையைத்தான் தனியாகப் பாராட்டினார். வீட்டில் கைக்குழந்தையை வைத்துக்கொண்டு அவர் நடித்த படம் அது. அதே வருஷம் ஜப்பானின் என்.எச்.கே. தொலைக்காட்சியின் காலைத் தொடரிலும் நாயகி.

இச்சிகோவை மனசில் வைத்துச் சொல்கிறேன்: எத்தனை நாள் கால்ஷீட், எவ்வளவு சம்பளம் என்பதெல்லாம் அப்புறம். இரண்டு ஸ்கிரிப்டையும் கையில் வாங்கு. நீ நடிக்க வேண்டிய பெண் கதைக்குள் வரும்போது ஒரு ஆளாகவும், போகும்போது வேறு ஆளாகவும் எதில் இருக்கிறாள் என்று பார். அதற்கு நாள் பிடிக்கும், உடம்பும் நோகும். வீட்டு வாடகையை நினைத்துத் தோழி வேஷத்துக்குத் தலையாட்டிவிடாதே; இரண்டு மூன்று மாசத்துக்கு நான் பார்த்துக்கொள்கிறேன்.

உன் அக்கா